உதயவாணன் வீட்டு முன்பால்கனியைக் கொத்தியது

பெயர் ஜினபாலன், வயது 28, தகப்பனார் பெயர் அஜிதநாதன், படிப்பு சிவில் டிப்ளமோ, தொழில் கட்டடங்களுக்குப் பிளான் போடுவதும் மேற்பார்வை பார்ப்பதும், விலாசம் ஜெயின் கோயில் பின்தெரு, திண்டிவனம், தென்னாற்காடு மாவட்டம்.

மேற்படி விலாசத்தில் என் மனைவி சந்திரவதியுடன் குடியிருந்து வருகிறேன். இன்று சனிக்கிழமை, 1986-ம் வருடம் மே மாதம் 17-ந் தேதி காலையில், திண்டிவனத்திலிருந்து விழுப்புரம் போகும் டிரங்க் ரோட்டில் நடிகர் உதயவாணன் கட்டியிருக்கும் புது வீட்டின் முன்பால்கனியை நான் உளியால் கொத்திச் சேதம் செய்ததாக, சினிமா கலை இயக்குநர் சீனுவாசன் கொடுத்த புகாரின் பேரில் என்னை இங்கே அழைத்து வந்திருக்கிறார்கள். கொத்தியது நான்தான். அதில் தகராறு இல்லை. எதற்காகக் கொத்தினேன் என்பதற்கு அந்த வீடு எழும்பிய விதத்தைச் சொல்ல வேண்டும். சப்-இன்ஸ்பெக்டர் ஐயா சுருக்கமாகச் சொல்லச் சொல்கிறார். சுருக்கினால் கம்பி விட்டுப்போகும், ஆகவே வரிசையாகச் சொல்கிறேன்.

உதயவாணனின் சொந்தப் பெயர் சவரிராயன். அவனும் நானும் பள்ளிக்கூடத்தில் ஒரே பெஞ்ச். ஜாமெட்ரி நோட்டில் அவனுக்கும் சேர்த்து நான்தான் படம் போட்டேன். இனி ‘அவர்’ என்றே எழுதிக்கொள்ளலாம். அவர் மெட்ராஸ் போய் நாடகத்தில் சேர்ந்து, சினிமாவில் நுழைந்து, ராஜகுமாரனாக நடித்த படம் நூறு நாள் ஓடிய பிறகு ஊருக்கு வந்து, ரோட்டோரம் நிலக்கடலை போட்டிருந்த ஒரு மல்லாட்டைக் கொல்லையைக் கிரயம் வாங்கினார். அவருடைய தாயார் சவுரியம்மாள் அந்தக் கொல்லையில் கூலிக்குக் களை எடுத்தவர். பஸ்ஸில் போகிறவர்கள் எல்லாரும் எட்டிப் பார்க்கிற மாதிரி வீடு இருக்க வேண்டும் என்பது தாயாரின் ஆசை. அந்தப் படத்தில் தான் இறங்கி வந்த படிக்கட்டு வீட்டுக்குள் வேண்டும் என்பது மகனின் ஆசை. சைட்டைப் பார்த்துக்கொள்ள உள்ளூரில் நம்பிக்கையான ஆள் வேண்டும் என்று என்னைக் கூப்பிட்டார். நானும் போனேன்.

அதன்பிறகு, அந்தப் படத்துக்குச் செட் போட்ட சீனுவாசன், வேனில் ஒரு பொம்மை வீட்டைக் கொண்டுவந்து இறக்கினார். பிளைவுட்டும் பிளாஸ்டரும் வைத்துச் செய்தது. முகப்பில் ரெண்டு கோபுரம், நடுவில் கண்ணாடி ஹால், மாதாவுக்கு நீல விளக்கு வைத்த ஜெபக்கூடம், ரோஸ் கலர் டைல்ஸ் ஒட்டிய குளியலறை எல்லாம் இருந்தன. பின்பக்கத்தைத் திருப்பிப் பார்த்தேன், ஒன்றும் இல்லை, வெறும் அட்டை. கேட்டதற்கு, பின்பக்கம் யார் பார்க்கப் போகிறார்கள் என்றார். வீடு இன்றைக்கும் அப்படித்தான் இருக்கிறது. முன்னால் அரண்மனை, பின்னால் குடோன்.

படிக்கட்டு விஷயத்தைக் குறிப்பாகச் சொல்ல வேண்டும். செட்டில் அந்தப் படிக்கட்டு ஒரு திரைச்சீலைக்குப் பின்னால் முடிந்துவிடும், நடிகர் ஏணி வைத்து ஏறிப் போய் அங்கிருந்து இறங்கி வருவார். வீட்டில் அது படுக்கையறைக்குப் போய்ச் சேர வேண்டும். பொம்மையில் இருந்தபடி கட்டினால் மேலே ஏறுகிறவன் தலை பீமில் இடிக்கும். இதைச் சொன்னபோது சீனுவாசன், எல்லார் முன்னாலும், “இன்னா டிப்ளமோ, ஹீரோ குனிஞ்சிக்கினா வருவாரு?” என்று கேட்டார். சிரித்தார்கள். அதன்பிறகு நான் வீட்டில் உட்கார்ந்து, கீழே ஒரு தூண்கூட இல்லாமல் சுவரைப் பிடித்துக்கொண்டே வளைந்து ஏறுகிற மாதிரி புதிதாகக் கணக்குப் போட்டு வரைந்தேன். இன்று அந்த வீட்டைப் பார்க்க வருகிறவர்கள் முதலில் வாயைப் பிளப்பது அந்தப் படிக்கட்டின் முன்னால்தான். அது என்னுடையது.

முன்பால்கனியை நான் நாலடிக்கு வரைந்திருந்தேன். ரசிகர்களுக்குக் கை காட்டும்போது ரோட்டிலிருந்து இடுப்பு வரை தெரிய வேண்டும், கீழே தூண் வைத்தால் கூட்டத்தில் நிற்பவனுக்கு முகம் மறைக்கும் என்று சொல்லி, சீனுவாசன் அதை ஏழடியாக இழுத்தார். செட்டில் இப்படி நீட்டிய பால்கனிக்கு, காமிராவுக்குத் தெரியாத இடத்தில் முட்டுக் கொடுத்திருப்பார்கள். இங்கே முட்டுக் கிடையாது. தூண் இல்லாமல் ஏழடி நீட்டலாம், தப்பில்லை, ஆனால் கம்பி சரியான இடத்தில் இருக்க வேண்டும். நீட்டிய கையில் எடையை வைத்தால் தோளின் மேல்பக்கம்தான் இழுபடும். பால்கனிக்கும் அப்படித்தான், கம்பி காங்கிரீட்டின் மேல்பக்கத்தில் இருந்தால்தான் பிடிக்கும். கீழே இறங்கிவிட்டால் அது இருந்தும் ஒன்றுதான், இல்லாவிட்டாலும் ஒன்றுதான். இதை மேஸ்திரி நடராசனுக்குச் சொல்லி, கம்பியைத் தூக்கிப் பிடிக்க அடியில் முட்டுக்கம்பிகள் வைத்துக் கட்டி, காங்கிரீட் போடும் அன்று காலையில் நானே அளந்து பார்த்தேன். சரியாக இருந்தது.

அன்று கலவை மிஷின் மக்கர் செய்து, பால்கனி முறை வரும்போது மாலையாகிவிட்டது. நாங்கள் சமணர்கள், பொழுது சாய்ந்த பிறகு எங்கள் வீட்டில் யாரும் சாப்பிடுவதில்லை. சைட்டில் இருந்த எல்லாருக்கும் இது தெரியும். சாப்பிட்டுவிட்டு வந்துவிடுகிறேன், அதுவரை பால்கனியைத் தொட வேண்டாம் என்று நடராசனிடம் சொல்லிவிட்டு மொபெட்டில் வீட்டுக்குப் போனேன். திரும்பி வந்தபோது பால்கனிக்குக் காங்கிரீட் போட்டு மட்டக்கட்டை இழுத்துக்கொண்டிருந்தார்கள். ஒரு சினிமாப் பத்திரிகையிலிருந்து போட்டோ எடுக்க வந்திருந்ததாகவும், வெளிச்சம் போவதற்குள் எடுக்க வேண்டியிருந்ததாகவும் சொன்னார்கள். கம்பி எப்படி என்று கேட்டதற்கு, நடராசன், நான் வைத்தது வைத்தபடி இருப்பதாகச் சொன்னார். நம்பினேன்.

அதன்பிறகு வீடு எழும்பி முடிந்து, மார்ச் மாதத்தில் அந்தப் பத்திரிகை வந்தது. நடுப்பக்கம் முழுவதும் வீடு. அரண்மனையை வடித்த கலைஞர் என்று சீனுவாசன் பெயர், படிக்கட்டின் கைப்பிடியில் சாய்ந்துகொண்டு அதே சீனுவாசன். என் பெயர் எங்கேயும் இல்லை. சந்திரவதி அந்தப் பக்கத்தைக் கிழித்து சமையல்கட்டு அலமாரிக் கதவின் உள்பக்கம் ஒட்டினாள். நமக்கும் ஒருநாள் இப்படி ஒரு படிக்கட்டு வேண்டும் என்றாள். அது நான் போட்டது என்றேன். “பேப்பர்ல வேற பேருல்ல போட்டுக்குது” என்று சொல்லிவிட்டு உலை வைக்கப் போனாள். அன்றிலிருந்து நான் அந்தக் கதவுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்துதான் சாப்பிட்டு வந்தேன். அந்தப் பக்கத்தை ஒரு தரம்கூட முழுசாகப் பார்க்கவில்லை.

அதே மாதத்தில் வாசல் சுவரில் சலவைக்கல் பதித்தார்கள். ‘வடிவமைப்பு: சீனுவாசன்’ என்று பொன் எழுத்தில் வெட்டியிருந்தது. உதயவாணன் வந்திருந்த அன்று நேரில் கேட்டேன். அவர் என் தோளில் கை போட்டு, “டேய் பாலா, அவரு பேரு போட்டாதான்டா நாலு பேரு பேசுவான். உன் பேர எவனுக்குத் தெரியும், சொல்லு” என்றார். கோபமாகச் சொல்லவில்லை, பிரியமாகத்தான் சொன்னார். கோபமாகச் சொல்லியிருந்தால் இவ்வளவு உறைத்திருக்காது. அன்றோடு வேலையை விட்டேன். பொறாமையா என்று சப்-இன்ஸ்பெக்டர் ஐயா கேட்பதற்கு, ஆமாம். பஸ்ஸில் விழுப்புரம் போகும்போதெல்லாம் அந்த வீடு வருவதற்கு முன்பே எதிர்ப்பக்கத்து ஜன்னலுக்கு மாறி உட்கார்ந்துகொள்வேன்.

நேற்று மாலை சாப்பிட உட்கார்ந்தபோது, ஞாயிற்றுக்கிழமை பாதிரியார் வந்து வீடு மந்திரிக்கும் விழாவுக்குப் போக வேண்டும் என்று சந்திரவதி சொன்னாள். நான் வரவில்லை என்றேன். தன்னை சவுரியம்மாளே நேரில் கூப்பிட்டிருப்பதாகவும், மகன் கை காட்டும்போது எங்கள் தெருப் பெண்கள் எல்லாரும் தன் பக்கத்தில் நிற்க வேண்டும் என்று அவர் ஆசைப்படுவதாகவும் சொல்லி, அலமாரிக் கதவைத் திறந்து, “இதோ, இங்கதான் நிக்கப்போறோம், திரும்பித்தான் பாருங்களேன்” என்று படத்தில் விரலை வைத்தாள். எரிச்சலோடு திரும்பிப் பார்த்தேன்.

படிக்கட்டுப் படத்துக்குக் கீழே சின்னதாக இன்னொரு படம் இருந்தது. காங்கிரீட் போடுவதற்கு முன்னால் பால்கனியில் எடுத்தது. சீனுவாசனும் அவருடைய ஆட்கள் ஆறேழு பேரும் நான் கட்டி வைத்த கம்பியின் மேல் ஏறி நின்று, ரோட்டைப் பார்த்துக் கை காட்டிக்கொண்டிருந்தார்கள். சுவர் ஓரத்தில், எந்த இடத்தில் பிடிப்பு வேண்டுமோ அதே இடத்தில், முட்டுக்கம்பிகள் சாய்ந்து, கம்பி அடியிலிருந்த பலகையோடு பலகையாகப் படுத்திருந்தது. சந்திரவதியின் விரல் சீனுவாசனின் பூட்ஸ் மேல் இருந்தது. இரண்டு மாதமாக அந்தப் படம் என் முதுகுக்குப் பின்னால் இருந்திருக்கிறது.

இன்று காலை விடிந்ததும் மொபெட்டில் அங்கே போனேன். கிழித்து எடுத்துக்கொண்டு போன அந்தப் படத்தை முதலில் நடராசனிடம் காட்டினேன். அவர் நிறைய நேரம் பார்த்தார். “நீங்க சாப்புட போயிருந்தீங்க சார். அவங்க எறங்கினதும் கம்பியத் தூக்கி வுடலாம்னுதான் இருந்தேன். சீனுவாசன் சாரு, படம் புடிக்கிறவரு நிக்கிறாரு, ஜல்தி கொட்டு, ஜல்தி கொட்டுன்னு பேஜாரு பண்ணிக்கினே இருந்தாரு, கொட்டிட்டோம்” என்றார். பிறகு, தன் பெயரை இதில் இழுக்க வேண்டாம் என்று கேட்டுக்கொண்டார். இழுக்காமல் சொல்ல எனக்கு வழி தெரியவில்லை.

அதன்பிறகு சீனுவாசனிடம் போய், நாளைக்கு யாரும் பால்கனியில் ஏறக் கூடாது, அடியில் தூண் கொடுத்த பிறகுதான் ஏறலாம் என்றேன். வெறும் பால்கனி தன் எடையைத் தாங்கி நிற்கும், ஆள் ஏறினால் சுவர் ஓரத்தில் முறிந்து இறங்கும் என்றும் விளக்கினேன். அவர் பந்தல்காரர்களைப் பார்த்து, “கல்லுல பேரு இல்ல. அதான் சாரு பால்கனி உழும்னு ஜோசியம் சொல்ல வந்துக்கிறாரு. வயித்தெரிச்சலுக்கு ஒரு அளவு வேணாம்?” என்றார். அவர்கள் சிரித்தார்கள். சவுரியம்மாளிடம் போனேன். அவர் என் கையைப் பிடித்துக்கொண்டு, “உனக்கு மனசு ஆறல பாலா, எனக்குத் தெரியாதா. உள்ள எங்கனா ஒரு எடத்துல உம்பேரையும் போடச் சொல்றேன், நீ நல்ல நாளும் அதுவுமா இப்பிடிப் பேசாத” என்றார். நான் சொன்னதில் ஒரு வார்த்தை அவர் காதில் ஏறவில்லை. என் முகத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

சொல்லிப் பயனில்லை என்று தெரிந்த பிறகு, உளியும் சுத்தியும் எடுத்துக்கொண்டு மேலே போய், சுவரும் பால்கனியும் சேருகிற இடத்தில் கொத்தினேன். மேலே கட்டைவிரல் ஆழத்தில் கம்பி தட்டுப்பட வேண்டும். தட்டுப்படவில்லை. மேலும் கொத்தி, முழு விரலையும் விட்டுப் பார்த்தேன், அப்போதும் இல்லை. பக்கத்தில் இன்னொரு இடத்தில் கொத்தினேன், அங்கேயும் அப்படியே. சீனுவாசனைக் கூப்பிட்டுக் காட்டினேன். குழியை எட்டிப் பார்த்துவிட்டு, கம்பி உள்ளேதான் இருக்கும், வெளியிலேயா இருக்கும் என்று சொல்லி, ரெண்டு குழியையும் அடைக்கச் சொன்னார். ரசிகர் மன்றத்துப் பையன்கள் என் சட்டையைப் பிடித்துக் கீழே இறக்கினார்கள். அதன்பிறகு போலீஸ் வந்தது. அடைத்த சிமெண்ட் இன்னும் பச்சையாகத்தான் இருக்கும். விரலால் தோண்டலாம்.

இன்னொன்று. வாசல் சலவைக்கல் உடைந்திருப்பது பற்றிப் புகாரில் இல்லை. பந்தல் லாரி பின்னால் எடுத்தபோது இடித்துவிட்டது என்று லாரி டிரைவரைப் பிடித்து வைத்துத் திட்டிக்கொண்டிருந்தார்கள். லாரி இடிக்கவில்லை. காலையில் நான் போனபோது வாசலில் யாரும் இல்லை. மொபெட் பெட்டியிலிருந்த சுத்தியை எடுத்து, அந்தப் பெயர் இருந்த இடத்தில் அடித்தேன். பால்கனியைக் கொத்தியதற்குக் காரணம் இருக்கிறது, அதை அளந்து காட்டுவேன். கல்லை உடைத்ததற்குப் பொறாமையைத் தவிர வேறு காரணம் கிடையாது. யாரும் கேட்காத இதை நான் எதற்குச் சொல்கிறேன் என்றால், நான் பொறாமைக்காரன் என்பதால் பால்கனி விஷயம் பொய் என்று எல்லாரும் தள்ளுகிறார்கள். பொறாமையில் செய்தது எது என்பதை நானே பிரித்துக் கொடுத்துவிட்டேன். அதற்குரிய வழக்கைப் போட்டுக்கொள்ளலாம். மற்றதை அளவு நாடா வைத்துப் பார்த்தால் போதும்.

இதை எழுத ஆரம்பிக்கும் முன், நாளைக்கு நடிகர் கை காட்டும்போது கூட்டத்தைக் கட்டுப்படுத்த அவர் பக்கத்திலேயே பால்கனியில் நிற்கும் பந்தோபஸ்து தமக்குத்தான் என்று சப்-இன்ஸ்பெக்டர் ஐயா ஏட்டையாவிடம் சந்தோஷமாகச் சொல்லிக்கொண்டிருந்தது என் காதிலும் விழுந்தது. அதையும் இதிலேயே சேர்த்து எழுதிக்கொள்ளும்படி கேட்டுக்கொள்கிறேன்.

மேலே கண்டவை என் வாயால் நான் சொன்னவை, யாரும் சொல்லிக்கொடுத்தோ மிரட்டியோ சொன்னவை அல்ல. வாசித்துக் காட்டக் கேட்டேன், சொன்னபடியே இருக்கிறது, எல்லாம் உண்மை.

(ஒப்பம்) அ. ஜினபாலன்

என் முன்னால் சொல்ல, நான் எழுதியது.

(ஒப்பம்) வெங்கடாசலம், சப்-இன்ஸ்பெக்டர்

குறிப்பு: மேற்படி ஜினபாலனையும் ஒரு அளவு நாடாவையும் உடன் கொண்டு, சம்பவ இடத்தைப் பார்வையிட உடனே புறப்பட்டேன். மேஸ்திரி நடராசனை உளியுடன் அங்கே இருக்கச் சொல்லி ஆள் அனுப்பப்பட்டது.