பின்னால் நடக்க ஆள் வேண்டும்

இந்த மாலையின் தலைவி, இந்த ஊரில் பாதிப் பேருக்கு எழுத்தையும் மீதிப் பேருக்குப் பிரம்பையும் அறிமுகம் செய்துவைத்த ஓய்வுபெற்ற தலைமை ஆசிரியை அசம்ப்டா கில்ராய் அவர்களே! "அஞ்சு நிமிஷத்துல முடிச்சிடு" என்று முதலிலும், "அரை மணி நேரம் இழு, சாண்ட்விச் இன்னும் வெட்டல" என்று பிறகும் என் காதில் சொன்ன பங்குத்தந்தை ஈமன் அவர்களே! மழைக்கோட்டைக் கழற்றாமலே முன்வரிசையை நிறைத்திருக்கும் பெரியோர்களே! தேநீர்ப் பாத்திரத்துக்குக் காவல் நிற்கும் தாய்மார்களே! நாற்காலிகள் காலியாகக் கிடந்தும், "நான் உள்ள வரல, சும்மா எட்டிப் பாக்குறேன்" என்று ஞாயிற்றுக்கிழமை பூசையில் நிற்பது போலவே கதவோரம் நின்றுகொண்டிருக்கும் ஆண்சிங்கங்களே! இந்தப் பெண்ணைப் பேசவிட்டது சரிதானா என்ற கவலையோடு மேடை ஓரத்தில் அமர்ந்திருக்கும் நாவலாசிரியை பிலிப்பா ஹெஸ்கெத் அவர்களே! கில்டெர்வன் இலக்கிய விழாவின் முதல் மாலையில் உங்கள் எல்லோரையும் தலைவணங்கி வரவேற்கிறேன்.

அயர்லாந்து, இங்கிலாந்து நாவல்களில் மண்ணும் மரபும் மனிதரும் என்பது எனக்குக் கொடுத்த தலைப்பு. அதைப் பேச எனக்கு என்ன தகுதி? நான் கால்வே பல்கலைக்கழகத்தில் இரண்டு ஆண்டு இலக்கியம் படித்தவள்.

என்னம்மா? ஒன்றரை ஆண்டா? சரி. என்னைப் பெற்றவள் திருத்துகிறாள். ஒன்றரை ஆண்டு. மிச்சப் படிப்பை மலக்கி டியர்னனிடம் படித்தேன். அவருக்கு முன்வாசலில் மதுக்கடை, பின்வாசலில் சவ அடக்கத் தொழில். முன்னால் பியர் ஊற்றுகிறேன், பின்னால் சவவண்டியைத் துடைக்கிறேன். நாவலுக்கு வேண்டிய எல்லாம் அந்த இரண்டு வாசலுக்கு நடுவே கிடைத்துவிடுகிறது.

ஆங்கிலேயர் நாவலைத் திறந்து பாருங்கள். முதல் பக்கத்தில் ஒரு வீடு நிற்கும். அந்த வீட்டுக்கு ஒரு பெயர் இருக்கும். பெயருக்கு ஏற்ற ஒரு தோட்டம் இருக்கும். தோட்டத்தில் இரண்டு பேர் நடப்பார்கள். மனத்தில் இருப்பதைச் சொல்லமாட்டார்கள். முந்நூறு பக்கம் சொல்லமாட்டார்கள். நம் நாவலைத் திறந்து பாருங்கள். முதல் பக்கத்தில் மழை. இரண்டாம் பக்கத்தில் சாவு. மூன்றாம் பக்கத்தில் அந்த வயல் யாருக்கு என்று அண்ணன் தம்பிச் சண்டை. மனத்தில் இருப்பதை நாமும் சொல்லமாட்டோம். ஆனால், அதைச் சொல்லாமல் இருக்க ஓயாமல் பேசுவோம். அவர்கள் வாயை மூடி மறைக்கிறார்கள், நாம் வாயைத் திறந்து மறைக்கிறோம். வேறென்ன வேற்றுமை?

இருக்கிறது ஒரு வேற்றுமை. அதைத்தான் சொல்ல வந்தேன்.

பிலிப்பாவும் அவர் கணவர் ஜெஃப்ரியும் சஸ்ஸெக்ஸிலிருந்து வந்து, ஆற்றங்கரைப் பழைய வீட்டில் குடியேறிப் பல வருடம் ஆகிறது. போன வருடம் நம் ஊரை வைத்து அவர் ஒரு நாவல் எழுதினார். ஊரின் பெயரை மாற்றியிருந்தார். பாலத்தையும், பாலத்தில் யாரோ விட்டுப்போன சலவை இயந்திரத்தையும் அப்படியே வைத்திருந்தார். நாம் கண்டுபிடிக்க மாட்டோமா?

படித்தோம். பாதிப் பேருக்குத் தங்களைப் பற்றி எழுதிவிட்டார் என்று கோபம். மீதிப் பேருக்குத் தங்களைப் பற்றி எழுதவில்லை என்று கோபம். கால்நடை மருத்துவர் ஃபெர்கலை, பெயர் மாற்றிக் குடிகாரராக்கியிருந்தார். ஃபெர்கல் என்ன சொன்னார்? "குடிகாரன்னு எழுதினா எழுதிட்டுப் போகட்டும். குதிரைக்குக் கைராசிக்காரன்னு எழுதியிருக்காளே, அதுக்கு முன்னாடி இது என்ன?" அதோ, கதவோரம் நின்று தலையாட்டுகிறார். நாவலில் ஒரு கள்ளக்காதல் வருகிறது; மன்னித்தோம். ஒரு தீவைப்பு வருகிறது. அது யாரென்று நமக்கே தெரியும், மன்னித்தோம். கடைசிக்கு முந்தைய அத்தியாயம் வந்தது. அதை மட்டும் மன்னிக்க முடியவில்லை.

அந்த அத்தியாயத்தில் கோனர் என்ற கிழட்டு விவசாயி இறந்துபோகிறார். மூன்று வாரம் கழித்து அடக்கம் நடக்கிறது. மூன்று வாரம்! நம் ஊரில் மூன்றாம் நாள் அடக்கம் முடிந்து, நான்காம் நாள் வயலுக்கு வழக்கு போட்டிருப்பார்கள். அதுகூடப் போகட்டும். அந்த அடக்கத்துக்கு எத்தனை பேர் வந்தார்களாம்? ஆறு பேர். ஆளுக்கொரு குடை. ஆளுக்கொரு சிறு கோப்பை மது. நாலு மணிக்கு எல்லோரும் வீட்டில்.

மதுக்கடையில் மலக்கி அந்தப் பக்கத்தை மூன்று தடவை படித்தார். கண்ணாடியைக் கழற்றினார்.

"ஏம்மா டாரா, ஆறு பேரா?"

"ஆறுதான் போட்டிருக்கு, மலக்கி."

"பெட்டியத் தூக்கவே ஆறு பேர் வேணுமேடி. அப்ப பின்னாடி நடந்து வந்தது யாரு? நாயா?"

அவ்வளவுதான். ஊர் முழுக்க அதே கேள்வி. நம்மைக் குடிகாரன் என்று சொல். தீவைப்பவன் என்று சொல். சாவுக்கு வராதவன் என்று சொல்லலாமா? ஆகாதவன் செத்தாலும் போகிறவர்கள் அல்லவா நாம்? பெட்டியில் இருப்பது யாரென்று தெரியாமலே போய், கைகொடுத்து, முட்டை சாண்ட்விச் தின்று, திரும்பி வரும்போது "நல்ல மனுஷன்" என்று சொல்கிறவர்கள் அல்லவா?

கோபத்தில் என்ன செய்தோம்? புத்தகத்தைக் கொளுத்தினோமா? இல்லை. அதைவிடக் கொடுமையாக, பிலிப்பாவிடம் வானிலை பேசினோம். "நல்ல மழை இல்ல?" "காத்து திரும்பிடுச்சு போல." மாதக்கணக்காக வானிலை. கடைசியில் ஒருநாள் அவர் மதுக்கடைக்கு வந்து என் முன்னால் உட்கார்ந்தார்.

"டாரா, நீதான் மூஞ்சிக்கு நேரா பேசறவ. என் புஸ்தகத்துல என்ன தப்பு?"

"ஆறு பேரு" என்றேன்.

அவருக்குப் புரியவில்லை. விளக்கினேன். கோப்பையைக் கீழே வைத்தார்.

"எங்க அப்பா அடக்கத்துக்கு நாலு பேருதான் வந்தாங்க. ஆறுன்னு நான் தாராளமாத்தான் எழுதினேன்."

அவர் கோப்பையை நிரப்பிவிட்டுக் காசு வாங்க மறந்துபோனேன். அம்மா, குறித்துக்கொள்.

"மாத்திடுங்களேன், பிலிப்பா. ஒரு முந்நூறு போடுங்க. ஊரு அமைதியாயிடும்."

"மாட்டேன். எனக்குத் தெரிஞ்ச சாவு அது."

மறுநாள் அவர் வீட்டு வாசலில் 'விற்பனைக்கு' என்ற பலகை நின்றது.

அதன்பின் நடந்தது உங்களுக்குத் தெரியும், ஆனாலும் சொல்வேன்; சாண்ட்விச் இன்னும் வரவில்லை. போன மாதம் ஜெஃப்ரி இறந்துபோனார். பிலிப்பா மலக்கியிடம் வந்து, "யாருக்கும் சொல்ல வேணாம். மூணு வாரம் கழிச்சு, சத்தமில்லாம" என்றார். மலக்கி சத்தியம் செய்தார். சத்தியத்தைக் காப்பாற்றினார், ஒரு சொல் பேசவில்லை. ஆனால், தன் கறுப்புக் கோட்டை இஸ்திரி போட்டு, காற்றாட வாசலில் தொங்கவிட்டார். அந்தக் கோட்டு வெளியே வந்தால் என்ன அர்த்தம் என்று இந்த ஊரில் கைக்குழந்தைக்கும் தெரியும். செத்தது யார்? மற்ற எல்லோரும் தெருவில் நிற்கிறார்கள். அப்படியென்றால் ஜெஃப்ரிதான்.

அன்று மாலையே கிளம்பினோம். கறுப்பு உடுப்பு, கையில் சாண்ட்விச் தட்டுகள், ஆற்றங்கரையெல்லாம் ஆள். இப்போது பிலிப்பாவின் பக்கத்திலிருந்து பாருங்கள். ஊருக்கே தன் புத்தகத்தின்மேல் கோபம். சாவுச் செய்தியோ யாருக்கும் தெரியாது. அப்படி இருக்கையில் கறுப்பு உடுத்திய ஒரு கூட்டம், பேச்சில்லாமல், தன் வாசலை நோக்கி வருகிறது. என்ன நினைப்பார்?

மாடி ஜன்னல் திறந்தது.

"சரி! மாத்திடறேன்! முந்நூறு பேருன்னு போட்டுடறேன்! எல்லாரும் வீட்டுக்குப் போங்க!"

மலக்கி தொப்பியைக் கழற்றினார். "ஒண்ணும் மாத்த வேணாம்மா. கதவைத் தொறங்க. முட்டை காயுது."

கதவு திறந்தது. ஒவ்வொருவராகக் கைகொடுத்தோம். "உங்க கஷ்டத்துக்கு வருந்துறேன்." அதே சொல், அடுத்தவர், அதே சொல். விடிய விடிய ஜெஃப்ரி கதை. மதுக்கடை வினாடி வினாப் போட்டியில் ஒருமுறைகூட ஜெயிக்காதவர், ஒருமுறைகூட வராமல் இருக்காதவர். ஃபெர்கலின் குதிரைக்கு அவர் ரகசியமாகக் கேரட் கொடுத்தது மனைவிக்கே அன்றுதான் தெரிந்தது. தட்டுகள் வைக்க மேசை போதவில்லை. பிலிப்பா மழையில் இறங்கிப் போனார். 'விற்பனைக்கு' பலகையைத் தன் கையாலேயே பிடுங்கி வந்து, இரண்டு நாற்காலிமேல் போட்டு, சாண்ட்விச் அடுக்கினார்.

கைதட்டாதீர்கள். மறுநாள் அதைத் துடைத்து, காயவைத்து, மறுபடி நட்டுவிட்டார். ஆங்கிலேயர்.

இன்று அவர் வாசிக்கப்போவது அதே அத்தியாயம். சேர்க்கவில்லை, மாற்றவில்லை. "வாசிக்கிறேன். உக்காந்து கேட்டாங்கன்னா இருக்கேன். வானிலை பேசினாங்கன்னா சஸ்ஸெக்ஸ்" என்று என்னிடம் சொல்லிவிட்டுத்தான் வந்திருக்கிறார். இங்கே சிலர், ஆறு என்று வாசித்தால் எழுந்து போய்விடுவோம் என்று பேசிக்கொள்வதும் என் காதில் விழுந்தது.

எழுந்து போகிறவர்களைக் கேட்கிறேன். அந்த ஆறு பேர் யார்? நம் ஊர்க்காரர்களா? இல்லை. எழுதுகிறவர் எந்த ஊரை எழுதினாலும், எழுத எழுத அவர் பிறந்த ஊர் கசிந்துவிடுகிறது. பாலம் நம் பாலம். மழை நம் மழை. ஆனால் பெட்டி? அந்தப் பெட்டிக்குள் இருப்பது கோனர் இல்லையப்பா, பிலிப்பாவின் அப்பா. யாரும் வராத ஒரு சாவை வருடக்கணக்காகச் சுமந்து, கடல் தாண்டிக் கொண்டுவந்து, நம் ஊர்க் கல்லறையில் இறக்கிவைத்தார். ஏன் இங்கே? இங்கே புதைத்தால் ஆள் வருவார்கள் என்று எங்கோ ஒரு நம்பிக்கை. வந்தோமா? நாலு மைல் தூரத்துச் சாவுக்கும் போனோம், நாற்பது மைல் தூரத்துச் சாவுக்கும் போனோம். நம் ஊருக்குள்ளே, புத்தகத்துக்குள்ளே நடந்த ஒரு சாவுக்குப் போகவில்லை. தலையை எண்ணிவிட்டுக் கோபித்துக்கொண்டோம்.

இன்னும் தாமதமாகிவிடவில்லை. கதவோரத்துச் சிங்கங்களே, இன்றைக்கு மட்டும் உள்ளே வாருங்கள். ஃபெர்கல், நீங்கள் முதலில். மலக்கி, தொப்பி. அவர் வாசிக்கட்டும். பெட்டியைத் தூக்க ஆறு பேர் அதில் இருக்கிறார்கள். பின்னால் நடக்கத்தான் ஆள் இல்லை. நடப்போம்.

பொறுமையாகக் கேட்ட தலைவிக்கும், மணியைப் பார்த்துக்கொண்டே கேட்ட பங்குத்தந்தைக்கும், என் கணக்கைத் திருத்திய தாய்க்கும், இப்போது நாற்காலி இழுக்கிற சத்தம் கேட்கிறதே, அந்தச் சத்தத்துக்கு உரியவர்களுக்கும் என் நன்றி. பிலிப்பா, உங்கள் கஷ்டத்துக்கு வருந்துகிறேன், இரண்டு கஷ்டத்துக்கும். அப்புறம், பின்னால் சாண்ட்விச் வந்துவிட்டதாம், இன்றைக்கும் மேசை போதவில்லையாம். உங்கள் வீட்டு வாசலிலிருந்து அந்தப் பலகையைக் கொண்டுவரலாமா? இந்த முறை திருப்பிக் கேட்கக்கூடாது.

வணக்கம்.