நரி விரட்டிய மத்தியானம்

மத்தியானம் சாப்பிட்டதும் சற்றுக் கண்ணயர்வது என் வழக்கம். இருபது வருஷம் மருந்துச்சாலையில் கால் கடுக்க நின்றவனுக்கு அது ஒன்றுதான் சுகம். நடந்ததெல்லாம் அந்தத் தூக்கத்தில்தான் நடந்தது, இன்ஸ்பெக்டர் ஐயா. நிதானமாகவே சொல்கிறேன், எழுதிக்கொள்ளுங்கள்.

பெயர் வேதமுத்து. சேரன்மகாதேவிக்குக் கிழக்கே ஆற்றங்கரை ஊரில் கம்பவுண்டர். என் மனைவி இன்பமணி 1907இல் வாந்திபேதியில் போய்விட்டாள். எங்களுக்குப் பிள்ளை கிடையாது. போன பிறகும் வாரத்தில் இரண்டு மூன்று தரம் சொப்பனத்தில் வருவாள். பெரிதாக ஒன்றும் பேசமாட்டாள். "சட்டையில பொத்தான் இல்ல, பாக்க மாட்டியளா" என்பாள். எனக்கு அது போதும். அதற்காகத்தான் பகல் பூராவும் வேலை செய்தேன் என்றுகூடச் சொல்லலாம்.

அடுத்த வருஷம் ஐப்பசி வெள்ளம் வடிந்ததும் சொப்பனம் நின்றுபோனது. எனக்கு மட்டுமல்ல. பாபநாசம் தொட்டு ஆறு கடலில் விழுகிற இடம்வரை ஒருவருக்கும் கிடையாது. உங்களுக்கும் இல்லை என்று உங்கள் கண்ணைப் பார்த்தாலே தெரிகிறது. பாய் நெய்கிற தாவூது மருந்து கேட்டு வந்தார். "தூங்கி எந்திரிச்சா தூங்குனாப்புலயே இல்ல வே. எங்க வாப்பா மௌத்தாயி ஆறு வருஷம், கனாவுல வந்து வஞ்சிட்டுப் போவாவ. இப்ப வையக்கூட ஆளில்ல" என்றார். சிவப்புச் சாயம் போட்ட தண்ணீரைக் கொடுத்து அனுப்பினேன். வேறு என்ன கொடுக்க? நடவுக்காரி நாற்று முடியைக் கையில் வைத்துக்கொண்டே நடாமல் நின்றாள். எங்கள் உபதேசியார் பாதி ஜெபத்தில் அடுத்த வார்த்தையை மறந்தார். எல்லாருக்கும் ஒரே அலுப்பு. எனக்கு அலுப்போடு இன்பமணியும் இல்லை.

மாசியில் அவள் தங்கை சாலோமி மூன்று மாதக் கைப்பிள்ளையோடு வந்தாள். தாய் தகப்பன் இல்லாதவள். புருஷன் ஜேசுதாசன் கொழும்பில் கணக்கப்பிள்ளை. அவன் வரும்வரை என் வீட்டில் இருக்கட்டும் என்றேன். பிள்ளையின் பெயர் ஞானையா.

ஒரு மத்தியானம் பாயில் கிடந்த பிள்ளை தூக்கத்தில் சிரித்தான். "நரி விரட்டுது அத்தான்" என்றாள் சாலோமி. "'உங்க அம்மை செத்துப்போனா'ன்னு கனாவுல நரி வந்து சொல்லுமாம். 'போ, இப்பதான பால் குடிச்சேன்'னு பிள்ள சிரிக்குமாம்." எல்லா வீட்டிலும் சொல்கிறதுதான். நான் நூறு வீட்டில் கேட்டிருக்கிறேன். ஆனால் அன்றைக்கு எனக்கு வேறொன்று உறைத்தது. இந்த ஆற்றோரத்தில் ஒரு ஆள் இன்னும் சொப்பனம் காண்கிறான்.

அவள் துணி துவைக்க ஆற்றுக்குப் போனதும் பக்கத்தில் படுத்தேன். பிள்ளையின் உச்சி மெதுமெதுவென்று துடித்துக்கொண்டிருந்தது. அதில் என் நெற்றியை வைத்தேன். தூங்கினேன். மேலேயிருந்து ஒரு முகம் என்மேல் குனிந்தது. இன்பமணி. ஒன்றும் பேசவில்லை, சிரித்தாள். நாலு மாதத்துக்குப் பிறகு அன்றைக்குத்தான் நான் தூங்கி எழுந்தேன்.

யாரிடமும் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் ஊரே வந்து அந்தப் பச்சை மண்டையில் நெற்றியை முட்டியிருக்கும். பிள்ளையைக் காப்பாற்றத்தான் வாயை மூடிக்கொண்டேன்.

கைப்பிள்ளையின் தூக்கம் கோழித்தூக்கம். இன்பமணி குனிகிற நேரத்தில் விழித்து அழுவான். வயல் வேலைக்குப் போகிற பெண்கள் பிள்ளையைத் தூங்கவைக்கக் கடுகளவு அபின் நாக்கில் தடவுவது உங்களுக்குத் தெரியாததல்ல. நானும் அதைத்தான் செய்தேன். தேனில் குழைத்து விரல் நுனியால் தடவினேன். அழவில்லை, சப்பினான். சில நாளில் கடுகளவு போதவில்லை. கூட்டினேன்.

"பிள்ள மாருல வாயே வைக்க மாட்டேங்கான் அத்தான். வாடிப்போயிக் கெடக்கான்" என்றாள் சாலோமி. மாந்தம் என்றேன். கம்பவுண்டர் சொன்னால் நம்புவார்கள். வசம்பு சுட்டுக் கொடுக்கச் சொன்னேன். அவள் ஒழுங்காகக் கொடுத்தாள், பாவம். எனக்கு அவள்மேல் இரக்கம் உண்டு. இரண்டொரு தரம் நிறுத்திவிடலாம் என்றுகூட நினைத்தேன். மத்தியானம் வந்ததும் நிறுத்தவில்லை.

போன வெள்ளிக்கிழமை வழக்கம்போல் படுத்தேன். முகம் வந்தது, குனிந்தது, பாதியில் நின்றது. இருட்டு. விழித்துக்கொண்டேன். நெற்றிக்கடியில் துடிப்பு இல்லை. கம்பவுண்டருக்கு அது புரியாமல் இருக்குமா? புரிந்தது. ஆனாலும் எழுந்திருக்கவில்லை. ஒருவேளை மறுபடி தொடங்கும் என்று கண்ணை மூடிக் காத்திருந்தேன். மண்டை பைய ஆறிக்கொண்டே வந்தது. சாலோமி ஈரத்துணியோடு உள்ளே வரும்வரை அப்படியே கிடந்தேன்.

அவளிடம் நான் பொய் சொல்லவில்லை. அபின், தேன், அவள் அக்கா வந்தது, எல்லாம் சொன்னேன். அவள் என்னை அடிக்கவில்லை. பிள்ளையை எடுத்து மடியில் போட்டுக்கொண்டாள். பிறகு கேட்டாள்: "அவன் எங்க அக்காள எப்ப பாத்தான் அத்தான்? அவன் பொறக்கும்போது அக்கா இல்லியே. என் பிள்ள பாத்த மூஞ்சி என் மூஞ்சி ஒண்ணுதான். நாங்க ரெண்டு பேரும் ஒரே சாடை, அதுகூடவா உங்களுக்குத் தெரியல?"

துக்கத்தில் பேசுகிறாள், நான் கோபித்துக்கொள்ளவில்லை. ஆம், அபின் கொடுத்தது நான். பிள்ளை செத்தது அதனால்தான். அப்படியே எழுதிக்கொள்ளுங்கள், கையெழுத்துப் போடுகிறேன். ஆனால் அந்த முகம் இன்பமணியுடையதுதான் என்றும் எழுத வேண்டும். கட்டின புருஷனுக்கு அடையாளம் தெரியாதா? ஒவ்வொரு தரமும் அவள் குனியும்போது பால் வாசனைகூட அடித்தது. இங்கே ஒரு பிள்ளைக்காக ஏங்கிச் செத்தவளுக்குக் கர்த்தர் அங்கே ஒன்றைக் கொடுத்திருக்கிறார்.