வாய்தா கிடைக்காத வழக்கு

கோர்ட்டுக்குப் போகிற நாட்களில் எனக்கு நல்ல பசி எடுக்கும். எதிர்த்த கடையில் ரசவடை பிரமாதமாக இருக்கும். நானும் அழகம்மை மைனியும் ஆளுக்கு இரண்டு தின்று, டீ குடித்துவிட்டுத்தான் உள்ளே போவோம். அவள் எனக்கு அண்ணன் முறைக்காரர் ஒருவரின் மனைவி. அவர் போய்ச் சேர்ந்தபின் தனியாக இருந்தாள். ஊரிலிருந்து காலையில் ஒரே பஸ். அதில் அவளுக்கு ஜன்னலோரம் இடம் பிடித்துக் கொடுப்பது என் வேலை.

"அவகிட்ட பேசாதேயும் ஓய்" என்று என் வக்கீல் தலையில் அடித்துக்கொள்வார். குற்றம் சாட்டப்பட்டவன் நான். கண்ணால் கண்ட ஒரே சாட்சி அவள். மடைத் தண்ணீரைத் திருப்புவதில் வந்த தகராறில் பூதலிங்கத்தை நான் மண்வெட்டியால் அடித்துச் சாகடித்தபோது, மைனி அடுத்த வயலில் களை பறித்துக்கொண்டிருந்தாள். அதற்காக ஒரே ஊரில் இருந்துகொண்டு எத்தனை வருடம் முகத்தைத் திருப்பிக்கொண்டு போக முடியும்? இன்ஸ்பெக்டர் ஐயாவே சொல்லுங்கள்.

வழக்கு அதன் பாட்டுக்குக் கிடந்தது. ஜட்ஜ் மாறினார். டாக்டர் வரவில்லை. வக்கீல்கள் கோர்ட்டைப் புறக்கணித்தார்கள். எல்லாவற்றுக்கும் வாய்தா. மைனிக்குக் காது மந்தம். டவாலி பெயர் சொல்லிக் கூப்பிட்டால் அவளுக்குக் கேட்காது. "வந்திருக்கா ஐயா" என்று நான்தான் குரல் கொடுப்பேன். எல்லோரும் சிரிப்பார்கள்.

அவளுக்குச் சர்க்கரை இருந்தது, மூச்சிரைப்பும் இருந்தது. மருந்து வாங்கிக் கொடுத்ததும் நான்தான். அது நடிப்பில்லை. ஆனாலும் வயதானவள், காலம் பார்த்துக்கொள்ளும் என்று மனதுக்குள் ஓர் ஆறுதல் இருந்தது. நான் யாருக்கும் கெடுதல் நினைக்கவில்லை, காத்திருந்தேன், அவ்வளவுதான்.

அந்தச் சமயத்தில்தான் மேல்கோர்ட் உத்தரவு வந்தது. இழுத்துக்கொண்டு கிடக்கும் கொலை வழக்குகளைத் தினமும் விசாரித்து மூன்று மாதத்துக்குள் முடிக்க வேண்டுமாம். வக்கீல் கையை விரித்துவிட்டார். மைனி சாட்சி சொல்ல வேண்டிய நாளுக்கு முந்தின ராத்திரி அவள் வீட்டுக்குப் போய்க் கெஞ்சினேன்.

"சரியாப் பாக்கலன்னு ஒரு வார்த்த சொல்லுங்க மைனி."

அவள் அழுதாள். "ஒனக்காக அம்மன்கிட்ட வேண்டிக்கிடுகேன் தம்பி. ஆனா கண்டதக் காணலன்னு எப்பிடிச் சொல்லுவேன்? சத்தியம் பண்ணணும்லா. வெடியக்கால குளத்துல முங்கிட்டுத்தான் கோர்ட்டுக்கு வருவேன் பாத்துக்கோ."

குளிக்காமல் சத்தியம் செய்தால் குடும்பத்துக்கு ஆகாது என்பது எங்கள் பெண்களின் நம்பிக்கை. குளத்துக்குப் போவதை அவளாகத்தான் சொன்னாள். நான் கேட்கவில்லை.

விடிவதற்குள் படித்துறைக்குப் போனேன். பாசி பிடித்த படி, வழுக்கும். என்னைக் கண்டதும், "வந்தியா மக்கா" என்று கையை நீட்டினாள். பிடித்து இறக்கிவிட்டேன். முங்கினால் எழும்ப அவளுக்குச் சிரமம் என்பதால் தோளில் கை வைத்துக்கொண்டேன். எழும்ப விடவில்லை. மெலிந்த தோள், அதிக நேரம் ஆகவில்லை. பிறகு சட்டை மாற்றிக்கொண்டு பஸ் ஏறினேன். ஜன்னலோரம் யாரோ உட்கார்ந்திருந்தார்கள்.

கோர்ட்டில் டவாலி அவள் பெயரைக் கூப்பிட்டார். இத்தனை வருடப் பழக்கம். வாய் என்னைக் கேட்கவில்லை. "இனி வரமாட்டா ஐயா" என்று குரல் கொடுத்துவிட்டேன். குளத்தில் உடல் கிடப்பதாக ஊரிலிருந்து போன் வந்ததே அதற்குப் பிறகுதான். இந்தத் தடவை யாரும் சிரிக்கவில்லை.

மைனியைக் கொன்றது நான்தான், எழுதிக்கொள்ளுங்கள். ஆனால் அந்த உத்தரவு மட்டும் வராதிருந்தால், அவள் ஆயுசு முடிகிறவரை நான் அவளை நன்றாகப் பார்த்துக்கொண்டிருப்பேன். அதுதான் ஆற்றாமையாக இருக்கிறது. ஐயாவிடம் ஒரே ஒரு வேண்டுகோள்: இந்த வழக்கையாவது யாரும் அவசரப்படுத்தாமல், நிதானமாக நடத்தச் சொல்லுங்கள்.