கிணற்றில் கொட்டிய உப்பு

மாரி கழிந்து, கடலோடு சேரும் வாவித் தண்ணீர் உவர்ப்பேறும் நாட்களில்தான் நண்டு நல்ல சதைப்பிடிப்பாக இருக்கும், ஐயா. எங்கள் தன்னாமுனைப் பக்கத்தில் தேங்காய்ப்பால் விட்டு, முருங்கையிலை போட்டுக் காய்ச்சுவார்கள். என் மனைவி கண்ணகை காய்ச்சினால் அடுத்த வளவுக்கும் மணக்கும். நீங்கள் கேட்டது அவளைப் பற்றி. அதனால்தான் நண்டிலிருந்து தொடங்குகிறேன்.

கல்வீடு கட்டுவதற்காக அவள் குவைத்துக்கு வீட்டு வேலைக்குப் போனாள். எங்களுக்குப் பிள்ளைகள் இல்லை. சுவர் எழும்பியது, கூரை ஏறியது, உள்ளே நான் மட்டும் இருந்தேன். தோணியில் போய் நண்டு பிடிக்கும் வலைக்கூடு வைப்பேன், வருவேன், சோறாக்குவேன். வெள்ளிக்கிழமைகளில் போனில் அவள் குரல் வரும். மற்ற நாட்களில் நான் வாய் திறப்பது நண்டு வாங்க வருபவரிடம் மட்டும்.

அந்தக் காலத்தில்தான் அது வந்தது. கூட்டின் வலையில் ஒட்டியிருந்தது. புளியங்கொட்டை அளவு, நுங்குபோலத் தெளிவு. என் மணிக்கட்டில் கம்பி கிழித்த காயம் ஒன்று இருந்தது. அதன்மேல் ஏறி நின்றது. உள்ளே போகவில்லை. யாரோ வாசலில் நின்று வரலாமா என்று கேட்பதுபோல எனக்கு விளங்கியது. ஓம் என்றேன்.

அது இந்த உலகத்து உயிர் இல்லை. வேறொரு வெளிச்சத்தின் கீழ் கிடக்கும் உவர்நீர்ப் பரப்பு ஒன்றை அதுவே எனக்குள் காட்டியது. அங்கே எந்த உயிரும் தனியாக வாழ்வதில்லையாம். என் இரத்தத்து உப்பில் கொஞ்சம் எடுத்தது. பதிலுக்கு முழங்கால் வலியை எடுத்துவிட்டது. நான் சோறு தின்றால் அதுவும் ருசித்தது. நான் எதையாவது நினைத்தால் உள்ளிருந்து ஒரு மறுமொழி வந்தது. நன்னீர் மட்டும் அதற்கு ஆகாது. கிணற்றில் குளிக்கும்போது மணிக்கட்டைப் பொலித்தீனால் சுற்றிக்கொள்வேன்.

கண்ணகை திரும்பி வந்தபோது எல்லாவற்றையும் சொன்னேன். நான் எதையும் ஒளிக்கவில்லை. இதை நீங்கள் குறித்துக்கொள்ள வேண்டும். என் மணிக்கட்டின் வீக்கத்தைக் கனநேரம் பார்த்துக்கொண்டிருந்தாள். அது முளை விட்டிருக்கிறது, உனக்கும் ஒன்று தரலாம், பிறகு நீ எங்கே இருந்தாலும் நாம் ஒன்றாகத்தான் இருப்போம் என்றேன்.

“எனக்கு வேணாம்,” என்றாள். “அங்க இருந்த காலமெல்லாம் மத்த ஆக்கள்ட சொல்லுக்குத்தான் எழும்பினன், படுத்தன். எனக்குள்ளயாவது நான் தனிய இரிக்கணும்.”

அடுத்த மாதம் திரும்பவும் போவதாகச் சொன்னாள். இந்த முறை வீட்டுக்காக இல்லை என்றும் சொன்னாள்.

நான் கோபப்படவில்லை. நண்டுக்கறி தின்ன ஆசையாக இருக்கிறது என்றேன். வழக்கமாக நண்டின் பெரிய கால்களை நூலால் கட்டித்தான் வீட்டுக்குக் கொண்டுவருவேன். அன்று கட்டவில்லை. கழுவும்போது ஒன்று அவள் உள்ளங்கையைப் பிய்த்துவிட்டது. மருந்து கட்டியது நான்தான். துணிக்குள், என் மணிக்கட்டிலிருந்து எடுத்த அந்த முளையை வைத்தேன்.

காய்ச்சல் வந்தது. பிதற்றலில் வேணாம், வேணாம் என்றாள். அதற்கு அந்தச் சொல் விளங்கும்; பின்வாங்கத் தொடங்கியது. நான் என் மணிக்கட்டை அவள் காயத்தோடு சேர்த்து வைத்து, அவளுக்காக ஓம் சொன்னேன். ஆஸ்பத்திரியில் மனைவியின் ஒப்பரேசனுக்குப் புருசன் கையெழுத்துப் போடுவதில்லையா. அதைப்போலத்தான்.

அதன் பிறகு குவைத் பேச்சு வரவில்லை. எந்தப் பேச்சும் வரவில்லை. விடிந்ததும் வாவியில் முழங்கால் அளவு தண்ணீரில் போய் நிற்பாள். கூப்பிட்டால் வருவாள். இனி எங்களுக்குள் ஒளிப்பு மறைப்பு இராது என்று நினைத்திருந்தேன். நடந்தது வேறு. அவை இரண்டும் தங்களுக்குள் பேசத் தொடங்கின. என்னுள் இருந்தது என்னோடு பேசுவதை விட்டுவிட்டது. தன் இனத்தைக் கண்டபின் அதற்கு நான் எதற்கு. நாங்கள் எதிரெதிரே இருந்து சாப்பிடுவோம். எங்கள் உடம்புகளுக்குள் ஓயாமல் பேச்சு நடக்கும். அதில் ஒரு சொல்லும் எனக்கானதல்ல. அவள் குவைத்தில் இருந்தபோதுகூட நான் இவ்வளவு தனித்துப் போனதில்லை. ஆனாலும் அவள் வீட்டில் இருந்தாள்.

ஒரு மத்தியானம் கிணற்றடியில், வாளித் தண்ணீருக்குள் முழங்கை வரை கையை விட்டபடி குந்தியிருந்தாள். என்னைக் கண்டதும், “தனுஷாவக் கூப்பிடுங்க,” என்றாள். அது அவளுடைய சொந்தக் குரல். தனுஷா அவள் தங்கச்சி, கல்லடி ஊரில் இருப்பவள். நான் கண்ணகையின் கையை மெதுவாக வெளியே எடுத்துத் துடைத்துவிட்டேன். அவள் அழுதாள். கொஞ்ச நேரத்தில் அதுவும் நின்றுவிட்டது. பிறகு கடைக்குப் போய் உப்பு மூட்டைகள் வாங்கி வந்து கிணற்றில் கொட்டினேன். நல்ல கிணறு. கோடையிலும் வற்றாதது.

அக்கா போன் எடுக்கவில்லை என்று தனுஷா தானாகவே வந்தாள். கிணற்றடியில் முகம் கழுவியவள், தண்ணீர் வாயில் பட்டதும் திரும்பி என்னைப் பார்த்தாள். அக்காவின் பக்கத்தில் போய் இருந்து, சுகமா இரிக்கியா என்று கேட்டாள். ஓம், சுகமா இரிக்கன் என்ற பதில் என் வாயிலிருந்து வந்தது. அதைச் சொன்னது நானா, உள்ளே இருந்ததா என்று எனக்கு இன்னும் தெரியாது. தனுஷா வேறொன்றும் கேட்காமல் ஓட்டோ பிடித்து அவளை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனாள்.

இங்கே பொலிஸில் அடைத்தபின் என்னைக் குழாய்த் தண்ணீரில் குளிக்க விட்டீர்கள். என்னுடையது சுருங்கி விழுந்துவிட்டது. முழங்கால் வலி திரும்பியிருக்கிறது. இந்த அறையில் இராத்திரியும் பகலும் என் மூச்சுச் சத்தம் மட்டும்தான்.

கண்ணகையின் கையில் இருந்ததையும் எடுத்துவிட்டார்களாம். கண் விழித்ததும் அவள் முதலில் விசாரித்தது என்னைத்தான் என்று நீங்களே சொன்னீர்கள். அவர் எங்க இரிக்கார் என்று கேட்டாளாம். பிறகு கதவைப் பூட்டச் சொன்னாளாம். நீங்கள் அதைப் பயம் என்று எழுதியிருக்கிறீர்கள். அவளோடு குடும்பம் நடத்தியவன் நான், ஐயா. அவள் என்னைத் தேடுகிறாள். நான் வாறன் என்று மட்டும் அவளிடம் சொல்லிவிடுங்கள்.