நீலச் சட்டையில் போனவன்

ஐயா, எனக்கு நீச்சல் தெரியாது. வீட்டில் ஆணி அடித்தால் சுவர்தான் பெயரும். உருப்படியாக வருவது எழுத்து ஒன்றுதான். அதை வைத்துத்தான் காவல் நிலையத்தில் இருபத்திரண்டு வருடம் ரைட்டர் நாற்காலியைத் தேய்த்தேன்.

காணாமல் போனவரைக் கொண்டுவந்து நிறுத்தச் சொல்லி யாராவது ஆட்கொணர்வு மனு போட்டால், பதில் மனு என் மேசையில் தயாராக இருக்கும். அப்படி ஒருவரை நாங்கள் அழைத்துவரவே இல்லை என்று. பெயரையும் தேதியையும் நிரப்பினால் போதும். இன்ஸ்பெக்டர் கையெழுத்தைக்கூட முன்கூட்டியே வாங்கி வைத்திருப்பேன். மனு வந்த அன்றே பதில் போய்விடும். இந்தச் சுறுசுறுப்புக்காக ஒரு சான்றிதழ் கொடுத்தார்கள். என் மனைவி அதன்மேல் காலண்டரை மாட்டியிருக்கிறாள்.

தையல்காரம்மா ஒருவர் போட்ட மனுவுக்கும் அப்படித்தான் அனுப்பினேன். அவருடைய மகன், வயரிங் வேலை பார்ப்பவன், அப்போது எங்கள் பின்னறையில் உயிரோடு உட்கார்ந்திருந்தான். ஒரு திருட்டு விஷயமாக விசாரிக்கக் கூட்டிவந்து ஐந்து நாள் ஆகியிருந்தது. அது எனக்குத் தெரியும். பழக்க தோஷம், கை தன் பாட்டுக்கு எழுதிவிட்டது.

மறுநாள் இன்ஸ்பெக்டர் முகம் வெளுத்துப்போய் வந்தார்.

"பையனைக் கோர்ட்டுலயே கொண்டுபோய் விட்டுடலாம்யா. திட்டு வாங்கினா வாங்கிட்டுப் போறோம்."

"சார், ஆளே இல்லன்னு நேத்தே எழுதி அனுப்பிட்டேனே. இப்ப ஆள் இருந்தா நல்லாவா இருக்கும்?"

அவர் தொப்பியைக் கழற்றி என் மேசைமேல் வைத்தார். பிறகு தனக்கு மூன்று நாள் விடுப்புக் கடிதம் எழுதித் தரச் சொன்னார். அதையும் பிழையில்லாமல் எழுதிக் கொடுத்தேன்.

அவர் திரும்பி வந்தபோது பின்னறை காலியாக இருந்தது. நீதிமன்றம் ஆளைத் தேடச் சொன்னது. தேடுதல் அறிவிப்பில், பழுப்புக் கட்டம் போட்ட சட்டை என்று எழுதினேன். விசாரணையில் அவன் சட்டை கிழிந்துபோனதால், பாவம் பார்த்து நான் கொடுத்த என் பழைய சட்டை அது. என் உத்தியோகத்தில் கண்ணால் கண்டதை அப்படியே எழுதியது அந்த ஒரு தடவைதான். அதுதான் என்னை மாட்டிவிட்டது.

தையல்காரம்மா அறிவிப்பைப் பிடித்துக்கொண்டு நீதிபதி முன்னால் நின்றார்.

"எம் புள்ள நான் தெச்ச நீலச் சட்டையிலதாங்க போனான். இந்தச் சட்டை அவன்கிட்ட கிடையவே கிடையாது. ஆளையே பாக்காதவங்களுக்கு இது எப்படிங்க தெரியும்?"

எனக்கு வெட்கமாகிவிட்டது. அந்த அம்மா அழுதுகொண்டிருந்தார், நான் அந்த வரியை எப்படித் திருத்தலாம் என்று யோசித்துக்கொண்டிருந்தேன். இப்படி ஒரு பிறவி.

இன்ஸ்பெக்டர் மேல் பழி போடாதீர்கள், ஐயா. அவர் விடுப்பில் இருந்தார். மதியம், எல்லோரும் சாப்பிடப் போயிருந்த நேரத்தில், பின்னறைக் கதவைத் திறந்தது நான்தான். "அண்ணே, எங்கம்மா வந்துட்டாங்களா?" என்று கேட்டான். பிறகு தண்ணீர் கேட்டான். கைகள் கட்டியிருந்ததால் டம்ளரை நானே பிடித்துக்கொண்டேன். அவன் கழுத்தில் துண்டைப் போட்டு இறுக்கியதும் நான்தான், மறுக்கவில்லை. ஆனால் அவன் கடைசி வாய் குடித்து முடிக்கும்வரை காத்திருந்தேன். கொலைகாரனுக்கு அவ்வளவு பொறுமை இருக்குமா, நீங்களே சொல்லுங்கள்.