பாட்டு வரும் இரண்டு நிமிடங்கள்

பால் குடித்துவிட்டு மைக்கின் முன்னால் போகக்கூடாது. என் தொழிலில் முதல் நாளே இதைச் சொல்லித்தருவார்கள். பால் தொண்டையில் படலமாக ஒட்டிக்கொள்ளும், சொல்லுக்குச் சொல் ஈரச் சத்தம் கேட்கும். இஞ்சி நல்லது, தேன் நல்லது என்று ஆட்கள் எதையெதையோ சொல்வார்கள். இளஞ்சூட்டில் வெறும் தண்ணீர் போதும். நீங்கள் கொண்டுவந்து வைத்த தண்ணீர் சரியான சூட்டில் இருக்கிறது, தேனுஜா. நன்றி.

என் வழக்கறிஞராக வந்தபடியால் முதலில் ஜெர்மனில்தான் கேட்டீர்கள். நான் இரண்டு வசனம் பேசியதும் உங்கள் பேனா நின்றுவிட்டது.

"அண்ணை, இந்தக் குரலை எங்கயோ கேட்டிருக்கிறன்" என்றீர்கள்.

கேட்டிருப்பீர்கள். உங்கள் அம்மாவும் வியாழக்கிழமைகளில் அந்தத் தீவுத் தொடரைப் பார்த்திருப்பா. அதனால்தான் தமிழில் சொல்கிறேன் என்றேன். ஜெர்மனில் நான் வாயைத் திறந்தால் கேட்பவர்களுக்கு அது ஃபெர்கஸ் டால்கார்னோ. தமிழில் மட்டும்தான் நான் கொறற்றியின் மகன் லூக்காஸ். இது லூக்காஸ் செய்த காரியம்.

இந்த நாட்டில் வெளிநாட்டுத் தொடர்களை ஜெர்மன் குரல் கொடுத்துத்தான் காட்டுவார்கள். ஒரு நடிகருக்கு ஒரு குரல் அமைந்துவிட்டால் அவர் எந்த வேடம் போட்டாலும் அந்தக் குரல்தான். மாற்றினால் சனம் சண்டைக்கு வரும். ஃபெர்கஸ் ஸ்கொட்லாந்தின் வடகிழக்கில், மீன்பிடித் துறைமுகம் ஒன்றில் பிறந்தவர். முதலில் ஒரு குடும்பத் தொடரில் மீன்பெட்டி தூக்குகிறவனாக வந்தார். பிறகு மலைநாட்டு மிருக வைத்தியர். அதன் பிறகு பல வருடம் ஒரு தீவில் துப்பறியும் அதிகாரி. இந்த மூன்று பேருக்கும் ஜெர்மனில் நான் பேசினேன். அவருக்கு நரை விழுந்தபோது என் குரலிலும் கொஞ்சம் நரையைச் சேர்த்தேன்.

நான் எப்படி அந்த வேலைக்கு வந்தேன் என்பதையும் சொல்லிவிடுகிறேன். வுப்பர்டாலில் பள்ளிக்கூடம் போன காலத்தில் நான் வாய் திறக்காத பிள்ளை. கேள்வி கேட்டால் மேசையைப் பார்ப்பேன். பத்தாம் வகுப்போடு நின்றுவிட்டேன். பிறகு சலவை இயந்திரக் கம்பனி ஒன்றில் தொலைபேசி எடுக்கிற வேலை கிடைத்தது. முகம் தெரியாத ஆட்களிடம் எனக்குக் கூச்சமே வரவில்லை. ஒரு நாள் பழுதான இயந்திரத்துக்காகத் திட்ட அழைத்த பெண்ணொருத்தி, திட்டுவதைப் பாதியில் நிறுத்திவிட்டு, "நீங்கள் எங்கே நடிக்கிறீர்கள்?" என்று கேட்டாள். அவள் கொலோனில் குரல் பதிவு நடத்துகிறவள். நான் அங்கே போய் நின்றபோது என் தோளுக்குப் பின்னால் எட்டிப் பார்த்தாள், பேசியவர் பின்னால் வருகிறார் என்று நினைத்து. அவளில் பிழை இல்லை. பின்பு இரண்டு தடவை கமெராவுக்கு முன்னாலும் என்னைக் கூப்பிட்டார்கள். இரண்டு தடவையும் பீட்சா கொண்டுவருகிறவன். குரலுக்கோ ஒரு தீவின் முழுக் காவல்துறையையும் தந்திருந்தார்கள்.

ஒரேயொரு குறை இருந்தது. ஃபெர்கஸ் மண்டலின் வாசிப்பார், பாடுவார். தீவுத் தொடரில் ஒவ்வொரு கதை முடிவிலும் அதிகாரி மதுக்கடை மூலையில் உட்கார்ந்து ஒரு பாட்டுப் பாடுவார். பாட்டுக்கு நாங்கள் குரல் மாற்றுவதில்லை. அந்த இரண்டு நிமிடமும் என் குரல் நின்று அவர் குரல் வரும். கரடுமுரடான, மெல்லிய, என்னுடையதை விடக் கொஞ்சம் உயரமான குரல். "பாடும்போது மட்டும் ஏன் வேறு யாரோ மாதிரி இருக்கிறார்?" என்று சனம் தொலைக்காட்சிக்கு எழுதிக் கேட்கும். எனக்கு அது பிடிக்கும்.

தொடர் முடிந்ததும் ஃபெர்கஸ் நடிப்பை விட்டுவிட்டு இசைக்குப் போகப்போகிறேன் என்றார். அவருடைய ஊரில் அவரைப் பாதி மறந்திருந்தார்கள். இங்கேதான் விசுவாசமான சனம் இருந்தது. அப்படித்தான் வுப்பர்டாலுக்கு வந்தார். சின்ன மண்டபம், நிறைய ஆட்கள். மேடையில் ஏறி ஆங்கிலத்தில் வணக்கம் சொன்னார். சபையில் ஒரு முணுமுணுப்பு. முன்வரிசையில் இருந்த ஒரு வயதான பெண் பக்கத்து ஆளிடம், எல்லோருக்கும் கேட்கிற மாதிரி, "இது அவர் இல்லை" என்றாள். ஒழுங்கு செய்தவர் என்னை மேடைக்குத் தள்ளிவிட்டார். நான் ஜெர்மனில் மாலை வணக்கம் மட்டும் சொன்னேன். மண்டபம் எழுந்து நின்று கைதட்டியது.

ஃபெர்கஸ் என்னைக் கட்டிப்பிடித்துக்கொண்டு சிரித்தார். "லூக், இவர்கள் உன்னைப் பார்க்கத்தான் வந்திருக்கிறார்கள். நான் உன் உடம்பு, அவ்வளவுதான்" என்றார். அவர் நல்ல மனிதர். அதை நான் எங்கேயும் மறுக்கமாட்டேன்.

கல்யாணம் முறிந்தவர், ஊரில் காத்திருக்க ஆள் இல்லை. என் வீட்டில் ஒரு அறை சும்மா கிடந்தது. வந்து தங்கினார். ஞாயிற்றுக்கிழமைகளில் பூசை முடிந்ததும் அம்மாவும் வருவா. அவருக்கு இடியப்பம் வைத்துவிட்டு அவர் பேசுவதையே பார்த்துக்கொண்டிருப்பா.

"இவர் கதைக்கிறது எனக்கு ஒண்டும் விளங்கேல்ல" என்றா ஒருநாள்.

"அவர் இங்கிலிஸ் கதைக்கிறார் அம்மா."

"அது தெரியும். ரீவீல வடிவாக் கதைச்ச மனுசன். இஞ்ச வந்து ஏன் இப்பிடிக் கீச்சிடுறார்?"

"ரீவீல கதைச்சது நானம்மா."

"ஓம் ஓம், அதுவும் தெரியும்" என்றா. தெரியும்தான். ஆனாலும் அவருடைய கோப்பையில் இன்னும் இரண்டு இடியப்பத்தை வைத்து, "சாப்பிடுங்கோ தம்பி, தொண்டைக்கு நல்லது" என்றா. பெற்ற தாய்க்கே அப்படி என்றால் மற்றவர்களை நான் என்ன சொல்ல?

அவர் என்னிடம் ஜெர்மன் படித்தார். நடிகர் அல்லவா, காது கூர்மை. நான் சொல்கிற வசனத்தை நான் மூச்சு விடுகிற இடத்தில் மூச்சு விட்டே திருப்பிச் சொல்வார். மேடையில் பாட்டுக்கு நடுவே நாலு வார்த்தை பேசுவதற்காக என்றுதான் நினைத்தேன். ஒருநாள் ஆற்றுக்கு மேலே தொங்கியபடி ஓடுகிற எங்கள் ஊர்த் தொங்குரயிலில் வரும்போது, நல்ல செய்தியை ஒளித்து வைத்திருக்கிற பிள்ளை மாதிரி என்னைப் பார்த்தார். வடகடல் கரையில் ஜெர்மன்காரர் ஒரு புதுத் தொடர் எடுக்கப்போகிறார்களாம். இங்கே குடியேறிய ஒரு ஸ்கொட்லாந்துக்காரர்தான் நாயகன்.

"நானே பேசப்போகிறேன், லூக். என் சொந்தக் குரலில், ஜெர்மனில். எல்லாம் உன்னால்தான்."

நான் சந்தோசம் என்றேன். ஜன்னலுக்குக் கீழே ஆறு போய்க்கொண்டிருந்தது. ஒருமுறை சனம் அவருடைய உண்மைக் குரலை ஜெர்மனில் கேட்டுவிட்டால், அதன் பிறகு பழைய தொடரில் வருவது யாரோ ஒருவனின் குரல். தீவு போய்விடும். நான் மறுபடியும் தொலைபேசி எடுக்கிறவன். இதை அவர் யோசிக்கவில்லை. யோசித்திருந்தால் அந்த வேலையை வேண்டாம் என்று சொல்லியிருப்பார். அப்படிப்பட்டவர். அதனாலேயே நான் அவரிடம் கேட்கவில்லை.

ஒத்திகை தொடங்கிய மாதத்தில் அவருக்குத் தொண்டை கட்டியது. தேனுஜா, இதை நீங்கள் கவனமாக எழுதவேண்டும். டொக்டரிடம் போகச் சொன்னவன் நான். என்னுடைய டொக்டரிடம் கிட்டடியில் ரெர்மின், அதுதான் பார்க்க நாள், கிடைக்கவில்லை. அதனால் நகரின் மறுபக்கம், பார்மனில், வேறொரு தொண்டை வைத்தியரைப் பிடித்துக் கொடுத்தேன். நான் கொலோனில் பதிவில் இருந்தபோது அவர் தனியாகவே போய்வந்தார். தொண்டையில் ஒரு சின்னத் துண்டு எடுத்துப் பரிசோதனைக்கு அனுப்பியிருந்தார்கள். முடிவு வரும்வரை ஒரு சொல்லும் பேசக்கூடாது என்று சொல்லியிருந்தார்கள். அங்கே வரவேற்பில் இருந்த பெண் அவரை அடையாளம் கண்டு முகம் சிவந்து போனாள் என்று எழுதிக் காட்டினார். அவர் கையை மட்டும் அசைத்துவிட்டு வந்தாராம். பேசக்கூடாத ஆளுக்கு எதற்குத் தொலைபேசி என்று என் இலக்கத்தைக் கொடுத்திருந்தார்.

அழைப்பு ஒரு மத்தியானம் வந்தது. நான் சோறு வடித்துக்கொண்டிருந்தேன். பக்கத்து அறையில் அவர் மண்டலினுக்குச் சுருதி சேர்த்துக்கொண்டிருந்தார்.

"டால்கார்னோ அவர்களா?" என்று அந்தப் பெண் கேட்டாள்.

நான் "யா" என்றேன், ஆம் என்று. உண்மையைச் சொன்னால், அது பழக்கத்தில் வந்தது. ஜெர்மனில் அந்தப் பெயரைச் சொன்னால் பதில் சொல்கிறவன் நான்தான், இத்தனை வருடமும்.

மறுமுனையில் அவள் மூச்சு விட்ட சத்தம் கேட்டது. "கடவுளே, உங்கள் குரல் திரும்பி வந்துவிட்டது! அப்படியே தொலைக்காட்சியில் கேட்கிற மாதிரி. அன்றைக்குப் பேசவே முடியாமல் நின்றீர்களே, நான் வீட்டில் போய் அழுதேன்." அவளுக்குச் சந்தேகம் வரவில்லை. எப்படி வரும்? அந்த முகத்துக்கு இந்தக் குரல் என்று அவளுக்கு நான்தான் பழக்கியிருந்தேன்.

பிறகு டொக்டர் வந்தார். புற்றுநோய்தான், ஆனால் மிகச் சின்னது, ஆரம்பத்திலேயே பிடித்துவிட்டோம் என்றார். இந்த மாதமே வெட்டி எடுத்தால் குரல் கொஞ்சம் கரகரக்கும், ஆனால் பாடலாம், பேசலாம், நடிக்கலாம். கிழமை முடிவதற்குள் வரச்சொன்னார்.

நடிக்கலாம் என்று அவர் சொல்லாமல் இருந்திருக்கலாம்.

நான் தீவு அதிகாரியின் பாணியில், நிதானமாக, நன்றி சொன்னேன். ஊருக்குத் திரும்புகிறேன், அங்கேயே வைத்தியம் பார்த்துக்கொள்கிறேன் என்றேன். "தாமதிக்காதீர்கள்" என்றார். தாமதிக்கமாட்டேன் என்றேன்.

சோறு கொஞ்சம் குழைந்துவிட்டது. அவருக்குக் குழைந்த சோறு விழுங்க வசதி. கோப்பையை வைத்துவிட்டு, "டொக்டர் தொலைபேசி எடுத்தவர். வெறும் வீக்கம்தான். நீண்ட ஓய்வு வேண்டுமாம், இனி வரத் தேவையில்லையாம்" என்றேன். அவர் பேசக்கூடாது என்பதால் என் இரண்டு கைகளையும் பிடித்துக் கண்களில் ஒற்றிக்கொண்டார்.

அவரை நான் நன்றாகப் பார்த்துக்கொண்டேன். கஞ்சி வைத்தேன், ஆவி பிடிக்க வைத்தேன், குளிர்காலத்தில் கழுத்துக்குத் துணி சுற்றிவிட்டேன். புதுத் தொடர்க்காரர் படப்பிடிப்பைத் தள்ளிப்போட முடியாது என்றார்கள். அதற்கு ஒரு வழி கிடைத்தது: அவர் வாயை அசைப்பார், நான் பிறகு பேசுவேன். எல்லோருக்கும் நிம்மதி. அவர் இன்னொரு டொக்டரைப் பார்ப்போமா என்று சைகையில் கேட்ட ஒவ்வொரு தடவையும், பொறுமையாக இருங்கள் என்றேன். அவர் என்னை நம்பினார். எனக்குத் தொண்டையைப் பற்றித் தெரியும் அல்லவா?

தவக்காலம் தொடங்கியபோது அம்மாதான் கண்டா.

"தம்பிக்குக் கழுத்தில என்னவோ உருண்டு நிக்குது. டொக்டரிட்டக் கூட்டிக்கொண்டு போவன்."

"போனதம்மா. வீக்கமாம்."

"வீக்கம் வத்தாதே? மனுசன் தேத்தண்ணியும் விழுங்கேலாமல் இருக்கிறார். உனக்குக் கண் தெரியேல்லையோ?"

அம்மா எப்போதும் கொஞ்சம் கூட்டித்தான் சொல்லுவா. நான் ஜன்னலைத் திறந்துவிட்டேன்.

உயிர்த்த ஞாயிறன்று அவருக்கு மூச்சு முட்டியது. அம்மா எனக்கு முந்தி அம்புலன்சுக்கு அடித்துவிட்டா. ஆஸ்பத்திரியில் குரல்வளை முழுவதையும் எடுத்தார்கள், கழுத்தில் மூச்சுக்கு ஒரு துளை வைத்தார்கள். அது நெஞ்சுக்கும் பரவியிருந்தது. ஏன் இவ்வளவு காலம் வரவில்லை என்று பார்மன் டொக்டரிடம் விசாரித்திருக்கிறார்கள். ஃபெர்கஸே எங்களுடன் பேசினார், ஊருக்குப் போவதாகச் சொன்னார் என்றிருக்கிறார் அந்த டொக்டர். அந்த நாளில் அவரால் பேசவே முடிந்திருக்காதே என்று ஆஸ்பத்திரிக்காரர் கேட்க, வரவேற்புப் பெண் விடவில்லையாம். "அவர்தான். அழகாகப் பேசினார். தொலைக்காட்சியில் பேசுவது போலவே பேசினார்." பாவம், அந்தப் பிள்ளை உண்மையைத்தான் சொன்னது.

இதை ஒரு தாதி கட்டிலுக்குப் பக்கத்தில் நின்று அவருக்கு ஆங்கிலத்தில் விளங்கப்படுத்தினாள். நான் மற்றப் பக்கம் தோடம்பழம் உரித்துக்கொண்டிருந்தேன். அவர் தலையைத் திருப்பி என்னைப் பார்த்தார். கோபம் இருக்கவில்லை. கையைத் தூக்கி என் தொண்டைக் குழியை விரலால் தொட்டார். கொஞ்ச நேரம் அப்படியே வைத்திருந்தார். பிறகு சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்தவர், அதன் பிறகு எவர் பக்கமும் திரும்பவில்லை.

ஆம், நான்தான் செய்தேன். அது புற்றுநோய் என்று தெரிந்து, குணமாகும் என்று தெரிந்து, மறைத்தேன். டொக்டரிடம் அவராகப் பேசினேன். அவருக்கு மூச்சு முட்டும்வரை காத்திருந்தேன். எழுதிக்கொள்ளுங்கள், இதில் வேறு ஒருவருக்கும் பங்கில்லை.

ஆனால் தொடங்கும்போதே "அவர் செத்துப்போனார் அண்ணை, அது உங்களுக்கு விளங்குதோ?" என்று கேட்டீர்கள். அந்தக் கேள்விதான் எனக்குச் சரியாக விளங்கவில்லை. அவருக்கு அஞ்சலி செலுத்துவதற்காகத் தீவுத் தொடரை முதலிலிருந்து திரும்பப் போடுகிறார்கள். இந்த வியாழக்கிழமை உங்கள் அம்மாவோடு இருந்து பாருங்கள். கடைசியில் அந்தப் பாட்டு வரும் இரண்டு நிமிடம் மட்டும் சத்தத்தைக் குறைத்துவிடுங்கள். மற்றபடி கண்ணை மூடிக்கொண்டு கேளுங்கள், தேனுஜா. அவருக்கு ஒன்றுமே ஆகவில்லை.