மூடுபனிக்குள் இறங்கிய டெலானோ

ஈரி ஏரியின் ஈரக்காற்றை வாசலோடு நிறுத்திவிட்டு எங்களை மட்டும் உள்ளே அழைத்துக்கொண்ட அவைத்தலைவர் அருட்தந்தை மக்கார்வி அவர்களே! கப்பல் துறையில் சரக்கு சுமந்து சுமந்தே இந்த நகரத்தை நிமிர்த்திய பெரியவர்களே! ஞாயிறுதோறும் பிள்ளைகளை மைதானத்துக்கு அனுப்பிவிட்டு நெஞ்சைப் பிடித்தபடி காத்திருந்த தாய்மார்களே! தோற்றாலும் தொப்பியைக் கழற்றாத மாலுமிகள் அணியின் ரசிகப் பெருமக்களே! இந்த மேடையில் இரண்டு நாற்காலிகளின் இடத்தை ஒருவனாக நிரப்பி அமர்ந்திருக்கும் என் ஆருயிர் நண்பன் டெலானோ பிரிக்ஸே! வானொலியில் ஆட்டம் சொல்லியே தொண்டை கரகரத்துப்போன இந்த கஸ் ஸெலின்ஸ்கியின் அன்பு உங்கள் அனைவருக்கும் உரித்தாகட்டும்!

'அவர்' என்று மரியாதை கொடுத்தால் டெலானோ முறைப்பான். அதனால் 'அவன்' என்றே சொல்கிறேன். பாருங்கள், அதற்கும் முறைக்கிறான்!

நண்பர்களே! நம் அமெரிக்கக் கால்பந்தாட்டத்தில் பந்தை எறிந்தவனை உங்களுக்குத் தெரியும். பறந்துபோய்ப் பிடித்தவனைத் தெரியும். பிடித்துக்கொண்டு ஓடியவனின் படத்தை வீட்டுச் சுவரில் ஒட்டினீர்கள். ஆனால் அந்தப் பந்தைப் புல்லிலிருந்து எடுத்துக் கால்களுக்கிடையே பின்னால் கொடுத்தானே, கொடுத்த மறுகணமே எதிரே பாய்ந்துவரும் மலையை மார்பால் தாங்கினானே, வரிசையின் நடுவில் நிற்கும் அந்த சென்டர் யார்? அவன் பெயர் என்ன? மைதானத்து ஒலிபெருக்கி என்றைக்காவது அவன் பெயரைச் சொன்னதுண்டா? சொன்னது! அவன் தவறிழைத்த நாளில் மட்டும் தவறாமல் சொன்னது!

யாரோ அங்கே "சரியாச் சொன்னீங்க" என்கிறார். ஐயா, அந்த நாளில் காகிதக் கோப்பையை விட்டெறிந்தது நீங்கள்தானே? சிரிக்கிறீர்கள், சிரியுங்கள்.

ஒன்பது பருவங்கள் அப்படி ஆடினான் டெலானோ. குனிந்தே ஆடினான். தன் கால்களுக்கிடையே தலைகீழாகத் தெரிந்த உலகத்தைப் பார்த்து ஆடினான். பிறகு பனி பொழிந்த ஒரு பிற்பகலில் இரண்டு பேர் ஒருசேர அவன் காலின்மேல் விழுந்தார்கள். முழங்கால், திரும்பக் கூடாத பக்கம் திரும்பியது. நடக்கலாம், ஆட முடியாது என்றார் மருத்துவர். முப்பத்தொரு வயதில் ஒரு மனிதனுக்கு மாலைப்பொழுது வந்துவிட்டது.

அதன்பின் என்ன செய்தான்? ஞாயிற்றுக்கிழமைகளில் காரை எடுத்துக்கொண்டு கரைக்குப் போவான். தண்ணீரைப் பார்ப்பான். காற்று திசை மாறினால் மைதானத்தின் ஆரவாரம் அலைமேல் மிதந்து அங்கே வரும். வந்தால், கார்க் கண்ணாடியை ஏற்றிக்கொள்வான். நீலமும் சாம்பலும் கலந்த அந்த நீருக்கு முன்னால், விழித்தபடியே உறங்குகிறவனைப் போல உட்கார்ந்திருப்பான். திரும்பி வந்தால் யோலாண்டா, அதோ முன்வரிசையில் இருக்கும் அவன் மனைவி, கேட்பாராம்: "என்னப்பா, ஏரி ஏதாவது வேல போட்டுக் குடுத்துச்சா?"

ஏரி தரவில்லை. எங்கள் வானொலி தந்தது. ஆட்டத்தை நான் சொல்ல, அதன் நுணுக்கத்தை அவன் சொல்ல வேண்டும். மைதானத்து உச்சியில் கண்ணாடி அறை, பக்கத்தில் நான், கையில் மைக். பேசினானா? "ஆமா" என்றான். "இல்ல" என்றான். அடுத்த வாரம் "இருக்கலாம்" என்றான்! ஒரு நேயர் தொலைபேசியில் கேட்டார்: "கஸ், உங்க பக்கத்துல உக்காந்திருக்கது ஆளா, அலமாரியா?"

"ஏம்ப்பா பேச மாட்டேங்குற?" என்றேன்.

"இங்கருந்து பாத்தா எறும்பு ஓடுற மாதிரி இருக்கு கஸ். இது நான் ஆடின ஆட்டமே இல்ல."

நிலைய மேலாளர் காரின் மேடக்ஸ் பொறுத்துப் பார்த்தார். கடைசியில், "டெலானோ, இந்தப் பருவத்தோட போதும். அடுத்த வருஷம் வேற ஆளப் பாத்துக்கறோம்" என்றார். இவன் தலையாட்டினான். அதற்கும் பேசவில்லை!

வந்தது பருவத்தின் கடைசி ஆட்டம். வென்றால் அடுத்த சுற்று, தோற்றால் வீடு. இடைவேளை முடிந்தபோது ஏரியிலிருந்து மெல்ல மெல்ல எழுந்தது மூடுபனி. முதலில் கொடிக்கம்பம் கரைந்தது. பிறகு விளக்குகள் ஒவ்வொன்றும் ஒரு நிலவாயின. பிறகு நிலவுகளும் நனைந்து மறைந்தன. வானமே இறங்கிவந்து புல்லில் படுத்துக்கொண்டது போல், கண்ணாடிக்கு வெளியே வெறும் வெண்மை. வாழ்நாளெல்லாம் பேசிப் பிழைத்தவன் நான். எனக்கு ஒரு சொல் இல்லை!

"கஸ், ஒண்ணுமே தெரியலன்னா பாட்டுப் போட்டுடலாம்" என்றார் காதுக்கருவியில் மேலாளர் காரின்.

டெலானோ எழுந்தான். "கம்பியில்லாத மைக் எங்க?"

"எதுக்குப்பா?"

"கீழ போறேன்."

"அத்தன படியா? முட்டி?"

"அதுவும்தான் கூட வருது. விட்டுட்டா போக முடியும்?"

போனான். காத்திருந்தேன். பனிக்குள்ளிருந்து, கனவுக்குள் யாரோ கூப்பிடுவது போல வந்தது அந்தக் குரல்.

"கஸ், கேக்குதா? கோட்டோரம் நிக்கிறேன். நம்ம பசங்க குனிஞ்சிருக்காங்க. நடுவுல ஐசையா கோப். மூச்சு வெள்ளையா வருது அவனுக்கு. எதிர்ல இருக்கவன் இவனவிட ஒரு தலை உசரம். கோப் அவன் மொகத்தப் பாக்கல, பாதத்தப் பாக்கறான். பந்து போயிடுச்சு. பந்த விடுங்க, அது எங்கயோ போகட்டும்! கோப் விழல. இன்னும் விழல. தள்ளுறான், தள்ளுறான்…"

பந்தை விடுங்கள் என்றான் ஐயா! பந்தாட்ட வர்ணனையில், பந்தை விடுங்கள் என்றான்! இதுவரை எவரும் சொல்லாத பெயர்களை அவன் சொன்னான். முதுகுகளைச் சொன்னான், முழங்கைகளைச் சொன்னான், இரண்டு மார்புகள் மோதும்போது பூமி விடும் பெருமூச்சைச் சொன்னான். அரங்கத்தில் இருந்தவர்களே வானொலியைக் காதில் வைத்தார்கள். சாலையோரம் கார்கள் நின்றன. ஒரு நகரமே கண்ணை மூடிக்கொண்டு ஒரு குரலுக்குள் நடந்தது!

கடைசி நிமிடம். நாம் பின்தங்கியிருக்கிறோம். எல்லைக்கோடு எட்டும் தூரம். பந்து கைமாறியது. கூட்டமாக மோதினார்கள். கூட்டமாகப் பனிக்குள் போனார்கள். டெலானோ நொண்டிக்கொண்டே ஓடும் சத்தம் மட்டும் கேட்கிறது. விசில்.

"டெலானோ, பந்து உள்ள போச்சா? சொல்லுங்க, உள்ள போச்சா?" என்று கத்துகிறார் காரின்.

பிறகு, மிக மெதுவாக:

"கோப்போட அம்மா, கேட்டுட்டிருக்கீங்களாம்மா? உங்க பையன் கீழ கெடக்கான். பயப்படாதீங்க. நான் பக்கத்துலதான் மண்டி போட்டிருக்கேன். தலையில அடி இல்ல. முட்டிதான். என் கையப் புடிச்சிருக்கான், நல்ல பிடி. இதோ, எந்திரிச்சு உக்காந்துட்டான். திட்டுறாம்மா. என்ன திட்டுறான்னு வானொலில சொல்ல முடியாது."

கொஞ்சம் மூச்சு வாங்கினான். "ஆங், கஸ்… பந்து உள்ள போயிடுச்சு. ஜெயிச்சுட்டோம். சொல்ல மறந்துட்டேன்."

எழுந்ததே ஓர் ஆரவாரம்! பனியே அதிர்ந்தது!

காரின் தன் முடிவை அன்றே மாற்றிக்கொண்டார். பின்னாளில் நாடு முழுக்கப் பார்க்கும் தொலைக்காட்சி அவனை அழைத்தது. கண்ணாடி அறை வேண்டாம், புல்லோரம் நிற்க இடம் கொடுங்கள் என்றான், கொடுத்தார்கள். இந்த ஆண்டுதான் மைக்கைக் கீழே வைத்திருக்கிறான். எத்தனையோ தாய்மார்கள், தங்கள் மகனின் பெயரை முதன்முதலாகப் பிறர் வாயால் கேட்டது இவன் குரலில்தான்.

ஆனால் என் மனத்தில் நிற்பது வேறு. அன்று ஆட்டம் முடிந்து, அந்தப் பையன் ஐசையாவை மருத்துவ வண்டியில் ஏற்றிவிட்டு, நானும் இவனும் கார் நிறுத்துமிடத்துக்கு வந்தோம். பனிக்குள் ஒரே ஒரு கார். உள்ளே யோலாண்டா, வானொலியை அணைக்காமல் உட்கார்ந்திருந்தார். இவன் கதவைத் திறந்தான். அவர் வானொலியை அணைத்துவிட்டு இவன் முகத்தைப் பார்த்தார்.

"ஒன்பது வருஷம் நீ ஆடுனத ஒண்ணு விடாம வந்து பாத்தேன்" என்றார். "எல்லாரும் பந்தப் பாத்தாங்க, நானும் பந்தத்தான் பாத்தேன். நீ அங்க என்ன பண்ணிட்டிருந்தன்னு எனக்கு இன்னைக்குத்தான்யா தெரியும்."

பெருமக்களே! வெற்றியை முழங்க வாய்கள் ஆயிரம் உண்டு. வெற்றியின் அடியில் நசுங்கிக் கிடப்பவனுக்குப் பக்கத்தில் மண்டியிட ஒரு முழங்கால் வேண்டாமா? அது உடைந்த முழங்காலாக இருந்தால்தான் என்ன? அதைத்தான் இந்த நகரம் இன்று வணங்குகிறது!

பேசவிட்ட தலைவருக்கும், பொறுத்திருந்த உங்களுக்கும், சமையலறையில் ஏரி மீனை வறுத்துக்கொண்டே காதை இங்கே வைத்திருக்கும் சகோதரிகளுக்கும் நன்றி சொல்லி அமர்கிறேன். டெலானோ, எழுந்து வா. ஒலிபெருக்கி இன்று உன் பெயரைச் சொல்கிறது. நீ ஒரு தவறும் செய்யவில்லை. வாழ்க நீ!